எட்டுப் பங்கோடு எழுந்துவிடு! – ஜப்பானியப் பழமொழிகள் சொல்லும் உடல்நலம்



நம் ஊர்ப் பாட்டிகளிடம் பேச்சுக்கு ஒரு பழமொழி இருக்கும். நான் பழகிய ஜப்பானியர்கள் அப்படி அடிக்கடி சொல்வதில்லை. ஆனால் சொல்ல வேண்டிய இடத்தில் ஒன்றைச் சொன்னால் அது நெஞ்சில் தைத்துவிடும். எனக்கு அப்படித் தைத்த கதையோடுதான் இந்தக் கட்டுரையைத் தொடங்க வேண்டும்.

இங்கே 40 முதல் 74 வயது வரை உள்ளவர்களுக்கு, 2008ஆம் ஆண்டிலிருந்து 'தொகுதெய் கென்ஷின்' என்ற உடல் பரிசோதனை நடக்கிறது. வேலைக்குப் போகிறவர்களுக்கு நிறுவனமே ஆண்டுதோறும் பரிசோதனை செய்துவிடும். அது சட்டப்படி நிறுவனத்தின் கடமை. வீட்டில் இருக்கும் மனைவிமார்களுக்குக் கணவரின் காப்பீட்டுச் சங்கத்திலிருந்து ஓர் உறை வரும். எனக்கும் வந்தது. முழுக்க ஜப்பானிய எழுத்து. "அப்புறம் பார்க்கலாம்" என்று பிரிட்ஜ் மேல் வைத்தேன். அடுத்த வருடமும் வந்தது. அதையும் அதே இடத்தில் வைத்தேன். மூன்றாவது உறை வந்தபோது என் கணவர் பார்த்துவிட்டார். அவரே நேரம் வாங்கி அழைத்துப் போனார்.

முடிவு வந்தது. உயரம் 155 செ.மீ., எடை 62 கிலோ, எச்.பி.ஏ.1சி 6.2. அதாவது சர்க்கரை நோயின் வாசற்படி. என் அம்மாவுக்கும் பெரியம்மாவுக்கும் சர்க்கரை உண்டு. எனக்கு உள்ளுக்குள் பயம்தான்.

ஆலோசனைக்கு ஒரு 'ஹொகென்ஷி' அம்மா வந்தார். ஊர் ஊராக மக்கள் நலம் பார்க்கும் செவிலியர்களை இங்கே அப்படித்தான் அழைக்கிறார்கள். அறுபது வயதை நெருங்கியவர். "வீட்டில் என்ன செய்கிறீர்கள்?" என்று கேட்டார். "எங்கள் தமிழ்ச் சங்க இதழில் உடல்நலம் பற்றி எழுதுகிறேன்" என்றேன். வாயைக் கையால் மறைத்துக்கொண்டு சிரித்தார். "ஓக்குசான், இஷா நோ ஃபுயோஜோ!" என்றார்.

'வைத்தியர் தன் உடம்பைப் பார்த்துக்கொள்ளாத கதை' என்பது பொருள். ஊருக்கு உபதேசம் செய்துவிட்டுத் தனக்கு மட்டும் விலக்குக் கொடுத்துக்கொள்பவர்களைக் குறிக்கும் பழமொழி. எனக்கு மட்டுமல்ல, குழந்தைக்குத் தடுப்பூசித் தேதி, கணவருக்கு மாத்திரை, ஊரில் மாமியாருக்குக் கண் ஆபரேஷன் எல்லாவற்றையும் நினைவில் வைத்துக்கொண்டு, தன்னை மட்டும் மறந்துவிடும் நம் வீட்டுப் பெண்கள் எல்லோருக்கும் இது பொருந்தும் அல்லவா?

அன்றிலிருந்து இந்த நாட்டுப் பழமொழிகளைக் கேட்டுக் கேட்டுக் குறித்து வைக்கத் தொடங்கினேன். உடல்நலம் பற்றிய சிலவற்றை உங்களோடு பகிர்ந்துகொள்கிறேன்.

ஹரா ஹச்சி பு நி இஷா இராஸு
(வயிற்றில் எட்டுப் பங்கு உண்டால் வைத்தியர் வேண்டாம்)

வயிற்றைப் பத்துப் பங்காக வைத்துக்கொண்டால், எட்டுப் பங்கு நிறைந்ததும் எழுந்துவிட வேண்டும் என்பது இதன் பொருள். ஜப்பானில் சின்னக் குழந்தைக்கும் தெரிந்த சொல் 'ஹரா ஹச்சி பு'.

இந்தக் கருத்தை ஊர் அறியச் செய்தவர்களில் முக்கியமானவர் கைபரா எக்கிகென் (1630–1714). ஃபுகுவோகா பகுதியில் வாழ்ந்த அறிஞர். சிறுவயதில் நோஞ்சானாக இருந்தவர். 1713ல், தம் 83ஆம் வயதில் 'யோஜோகுன்' என்ற உடல்நல நூலை எழுதி வெளியிட்டார். எவ்வளவு ருசியான பண்டமாக இருந்தாலும் எட்டு ஒன்பது பங்கோடு நிறுத்த வேண்டும் என்பது அதில் அவர் வலியுறுத்தும் செய்தி. அந்த வயதிலும் இரவில் சிறிய எழுத்துகளைப் படிக்க முடிகிறது, ஒரு பல்கூட விழவில்லை என்று தம்மைப் பற்றியே அதில் எழுதியிருக்கிறார். மூன்று நூற்றாண்டு கழித்தும் இங்குள்ள புத்தகக் கடைகளில் அந்த நூல் கிடைக்கிறது.

இதில் அறிவியலும் இருக்கிறது. வயிறு நிறைந்த செய்தி மூளைக்குப் போய்ச் சேர ஏறக்குறைய 20 நிமிடம் ஆகிறது. வேகமாகச் சாப்பிடுகிறவர், "போதும்" என்ற செய்தி வருவதற்குள் இரண்டாம் முறை சோறு வாங்கிவிடுகிறார். எட்டுப் பங்கில் நிறுத்தினால், சற்று நேரத்தில் அதுவே பத்துப் பங்காகத் தெரியும்.

"இது நமக்குத் தெரியாததா?" என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. தெரிந்ததுதான். அரை வயிறு சோறு, கால் வயிறு தண்ணீர், கால் வயிறு காலி என்று நம் பெரியவர்களும் சொன்னார்கள். திருக்குறளில் 'மருந்து' என்ற அதிகாரத்தைத் திறந்து பாருங்கள். மருந்தைவிட உணவின் அளவைப் பற்றித்தான் அதிகம் பேசுகிறது.

வேறுபாடு எங்கே என்றால், ஜப்பானியர்கள் அதைப் பாத்திரத்தில் கட்டிவைத்திருக்கிறார்கள். அவர்கள் சோறு உண்ணும் கிண்ணம் சிறியது. ஒரு கிண்ணத்தில் சுமார் 150 கிராம் சோறு பிடிக்கும். ஏறக்குறைய 235 கலோரி. ஹொகென்ஷி அம்மா சொன்னபடி நானும் ஒருநாள் நம் எவர்சில்வர் தட்டில் வழக்கம்போல் சோறு போட்டுத் தராசில் வைத்தேன். 400 கிராம்! சாம்பாருக்கு இவ்வளவு, ரசத்துக்கு இவ்வளவு, மோருக்கு இவ்வளவு என்று பிரித்துப் போட்டதில் கண்ணுக்கே தெரியவில்லை.

தட்டை மாற்றினேன். சோற்றைக் கிண்ணத்தில் அளந்து, கூட்டும் பொரியலும் தட்டில் முதலில் வைத்தேன். ரசத்தை அவர்கள் மிசோ சூப் குடிப்பதுபோலத் தனிக் கிண்ணத்தில் ஊற்றிக் குடித்தேன். முதல் இரண்டு வாரம் கஷ்டமாக இருந்தது; பொய் சொல்லவில்லை. மூன்றாவது வாரத்திலிருந்து பழகிவிட்டது.

இச்சிப்யோ சொகுசாய்
(ஒரு நோய் உள்ளவர் நலமாக வாழ்வார்)

எனக்கு மிகவும் ஆறுதல் தந்த பழமொழி இது. "நோயே இல்லாமல் நலமாக இரு" என்று வாழ்த்துவதற்கு 'முப்யோ சொகுசாய்' என்று ஒரு சொல் உண்டு. அதைச் சற்றே திருப்பி இப்படிச் சொல்கிறார்கள். நோயே இல்லாதவர் தன் உடம்பைக் கவனிக்கமாட்டார். ஒரு சிறு நோய் உள்ளவரோ அளவாக உண்பார், நடப்பார், மருத்துவரைப் பார்ப்பார். அதனால் அவரே நெடுநாள் வாழ்வார்!

முடிவுத் தாளைப் பார்த்து நான் முகம் வாடியபோது ஹொகென்ஷி அம்மா இதைத்தான் சொன்னார். "உங்களுக்கு இன்னும் நோய்கூட இல்லை, எச்சரிக்கைதான் வந்திருக்கிறது. அதைப் பிடித்துக்கொள்ளுங்கள்" என்றார்.

இங்கே நம்மவர்கள் முக்கியமாகக் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. ஜப்பானியப் பரிசோதனையில் இடுப்புச் சுற்றளவு ஆண்களுக்கு 85 செ.மீ., பெண்களுக்கு 90 செ.மீ. என்பது எல்லை. அதைத் தாண்டினால் 'மெத்தபோ' என்று எச்சரிப்பார்கள். ஆனால் தெற்காசியர்களுக்குப் பரிந்துரைக்கப்படும் எல்லை ஆண்களுக்கு 90, பெண்களுக்கு 80. என் இடுப்பு 84 செ.மீ.; ஜப்பானிய அளவில் தப்பித்தேன், நம் அளவில் மாட்டிக்கொண்டேன்! அதனால் "இடுப்பளவு சரியாக இருக்கிறது என்று போட்டிருக்கிறார்கள்" என்று தமிழ்ப் பெண்கள் நிம்மதியாக இருந்துவிட வேண்டாம். ஒல்லியாகத் தெரியும் நம்மவர்களுக்குக்கூட வயிற்றுப் பகுதியில் கொழுப்புச் சேர்ந்து சர்க்கரை வருவது உண்டு. எடைக்கும் உயரத்துக்கும் உள்ள கணக்கான பி.எம்.ஐ. நமக்கு 23ஐத் தாண்டினாலே கவனம் வேண்டும்.

எச்.பி.ஏ.1சி 5.6 வந்தாலே இங்கே ஆலோசனைப் பட்டியலில் சேர்ப்பார்கள். 6.5 என்றால் மருத்துவரிடம் போகச் சொல்வார்கள். உங்கள் வீட்டில் இருக்கும் முடிவுத் தாளில் அந்த எண்ணை இன்றே தேடிப் பாருங்கள்.

காஸே வா மன்ப்யோ நோ மொத்தோ
(சளியே பல்லாயிரம் நோய்க்கு வேர்)

"சாதாரண ஜலதோஷம்தானே" என்று அலட்சியம் செய்யாதே என்பது பொருள். சளியே எல்லா நோய்க்கும் காரணம் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். முதியவர்களுக்கும் சர்க்கரை, ஆஸ்துமா உள்ளவர்களுக்கும் சளி நெஞ்சில் இறங்கி நிமோனியா ஆகலாம் என்ற எச்சரிக்கையாக எடுத்துக்கொள்ளுங்கள்.

நம் பிள்ளைகள் பள்ளியிலிருந்து வந்ததும் 'தெஅராய், உகாய்' என்று கை கழுவி, தொண்டையில் நீர் விட்டுக் கொப்பளிப்பதைப் பார்த்திருப்பீர்கள். கியோட்டோ பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2005ல் வெளியிட்ட ஆய்வில், வெறும் தண்ணீரால் கொப்பளித்தவர்களுக்குச் சளி பிடிப்பது சுமார் 36 சதவீதம் குறைந்திருந்தது. அயோடின் மருந்து கலந்து கொப்பளித்தவர்களுக்கு அந்த அளவு பலன் தெரியவில்லை. செலவில்லாத வைத்தியம்! பிள்ளைகளிடமிருந்து நாம் கற்றுக்கொள்ளலாம்.

நெரு கோ வா சொதாட்ஸு
(தூங்கும் பிள்ளை வளரும்)

ஆழ்ந்த தூக்கத்தில்தான் வளர்ச்சி ஹார்மோன் அதிகம் சுரக்கிறது. அந்தக் காலத்துத் தாய்மார்கள் கண்ணால் பார்த்தே இதைக் கண்டுபிடித்துவிட்டார்கள்.

வேடிக்கை என்னவென்றால், இப்படிப் பழமொழி சொல்லும் நாட்டில் தூக்கம்தான் குறைவு. வளர்ந்த நாடுகள் பலவற்றை ஒப்பிட்ட 2021ஆம் ஆண்டுப் பட்டியலில், ஜப்பானியர்களின் சராசரித் தூக்கம் 7 மணி 22 நிமிடம். பட்டியலில் கடைசி இடம். இதைச் சரிசெய்யத்தான் சுகாதார அமைச்சகம் 2024ல் ஒரு வழிகாட்டியை வெளியிட்டது. தொடக்கப் பள்ளிப் பிள்ளைகளுக்கு 9 முதல் 12 மணி நேரம், அதற்கு மேல் படிக்கும் பிள்ளைகளுக்கு 8 முதல் 10 மணி நேரம், பெரியவர்களுக்குக் குறைந்தது 6 மணி நேரம்.

நம் வீடுகளில் என்ன நடக்கிறது? அப்பா அலுவலகத்திலிருந்து ஒன்பதரைக்கு வருகிறார். "அப்பா வந்ததும் எல்லோரும் சேர்ந்து சாப்பிடலாம்" என்று பிள்ளை காத்திருக்கிறது. பத்து மணிக்குச் சோறு, ஊருக்குப் பேச வேண்டும், பதினொன்றுக்குப் படுக்கை, காலை ஆறரைக்கு எழுந்து பள்ளி. கணக்குப் போட்டுப் பாருங்கள். பிள்ளைகளுக்கு ஏழு மணிக்குச் சோறு போட்டுவிடுங்கள். அப்பாவோடு சேர்ந்து உண்பதைக் காலை உணவுக்கு மாற்றிக்கொள்ளலாம்.

யாமாய் வா கி காரா
(நோய் மனத்திலிருந்து)

'கி' என்ற சொல்லுக்கு மனம், உயிர்ச்சக்தி, ஊக்கம் என்று பல பொருள். நாம் தினமும் கேட்கும் 'கெங்கி' என்ற சொல்லில் இருப்பதும் இதே 'கி'தான். நோய்க்கு 'ப்யோகி' என்று பெயர். அதிலும் 'கி' இருக்கிறது. உடம்பும் மனமும் ஒன்று என்று சொல்லிலேயே வைத்துவிட்டார்கள்.

இதற்குத் துணையாக 'வாராவு காதோ நி வா ஃபுகு கிதாரு', அதாவது சிரிக்கும் வாசலுக்கு நல்லது வந்து சேரும் என்றும் சொல்வார்கள். வாய்விட்டுச் சிரித்தால் நோய்விட்டுப் போகும் என்ற நம் பழமொழிக்கு இது உடன்பிறப்பு.

ஆனால் இந்தப் பழமொழியைக் கையாள்வதில் கவனம் தேவை. புதிதாகக் கல்யாணமாகி வந்த பெண், மொழி தெரியாமல் நாள் முழுக்க நாலு சுவருக்குள் இருக்கிறாள். தூக்கமில்லை, சாப்பாடு இறங்கவில்லை, காரணமில்லாமல் அழுகை வருகிறது. அவளிடம் போய் "எல்லாம் மனசுதான், தைரியமாக இரு" என்று சொல்வது மருந்தாகாது. மனச்சோர்வும் நோய்தான், அதற்கும் மருத்துவம் உண்டு. இரண்டு வாரத்துக்கு மேல் இப்படி இருந்தால் மருத்துவரிடம் அழைத்துப் போங்கள். உங்கள் பகுதி 'ஹொகென் சென்டர்'களிலும் இதற்கு ஆலோசனை கேட்கலாம். நம் சங்கத்தில் அப்படி ஒரு பெண் இரண்டு கூட்டங்களுக்கு வரவில்லை என்றால், ஒரு போன் செய்து கேளுங்கள்.

சாகே வா ஹ்யாகுயாகு நோ ச்சோ
(மது நூறு மருந்துகளுக்குத் தலைவன்)

பழமொழி என்றால் எல்லாமே சரியாக இருக்க வேண்டும் என்பதில்லை. இது பழைய சீனாவிலிருந்து வந்தது. 14ஆம் நூற்றாண்டிலேயே யோஷிதா கென்கோ என்ற துறவி, நோய்கள் எல்லாம் மதுவிலிருந்துதானே வருகின்றன என்று இதை மறுத்து எழுதிவிட்டார்.

இன்றைய மருத்துவம் துறவியின் பக்கம்தான். பாதுகாப்பான அளவு என்று ஒன்று இல்லை என 2023ல் உலக சுகாதார நிறுவனம் அறிவித்தது. ஜப்பானிய சுகாதார அமைச்சகமும் 2024ல் முதன்முறையாகக் குடிப்பழக்கம் பற்றி வழிகாட்டி வெளியிட்டது. ஒரு நாளில் தூய ஆல்கஹால் ஆண்களுக்கு 40 கிராம், பெண்களுக்கு 20 கிராம் என்ற அளவை எட்டினாலே நோய் அபாயம் கூடும் என்கிறது அது. 500 மி.லி. பீர் கேன் ஒன்றிலேயே 20 கிராம் இருக்கிறது! அலுவலக 'நொமிகாய்' விருந்தில் "ஊலாங் டீ போதும்" என்று சொல்வதில் வெட்கம் வேண்டாம். இப்போது ஜப்பானிய இளைஞர்களே பலர் அப்படித்தான் கேட்கிறார்கள்.

பழமொழி மட்டும் காப்பாற்றுமா?

இப்போது முக்கியமான செய்திக்கு வருகிறேன்.

'ஹரா ஹச்சி பு' என்றதும் உலகமே சுட்டிக்காட்டுவது ஒகினாவாத் தீவுகளை. அங்கே உணவை 'நுச்சி குசுய்', உயிர் மருந்து, என்றே சொல்வார்கள். சர்க்கரைவள்ளிக் கிழங்கு, தோஃபு, கடற்பாசி, நம் பாகற்காயின் உறவான 'கோயா' எல்லாம் அவர்களின் பழைய உணவு. 1975ல் அங்கே நூறு வயதைக் கடந்தவர்களைப் பற்றிய ஆய்வு தொடங்கியது. 1985ஆம் ஆண்டுக் கணக்கில் ஆண், பெண் இருபாலாரின் ஆயுளிலும் ஒகினாவாதான் ஜப்பானில் முதலிடம்.

பிறகு? 2000ஆம் ஆண்டுக் கணக்கில் ஒகினாவா ஆண்கள் 47 மாவட்டங்களில் 26ஆம் இடத்துக்கு இறங்கினார்கள். நாடே அதிர்ந்தது. 2020ல் ஆண்கள் 43ஆம் இடம். பெண்கள் 16ஆம் இடம். போருக்குப் பின் 1972 வரை அமெரிக்க ஆட்சியின் கீழ் இருந்த தீவு அது. பர்கரும், டின்னில் அடைத்த இறைச்சியும், வறுவலும் அங்கே முன்னதாகவே வந்தன. நடந்து போன இடத்துக்கெல்லாம் கார் வந்தது. தாத்தா பாட்டி நூறு வயது வாழ்ந்த வீட்டில், பேரன் ஐம்பது அறுபது வயதில் மாரடைப்புக்கும் சர்க்கரைக்கும் ஆளானான். பழமொழி அதே ஊரில்தான் இருந்தது, தட்டுதான் மாறிவிட்டது.

இதற்கு நேர் எதிர்க் கதை நாகானோ. மலை நாடு, குளிர்காலம் முழுதும் உப்பில் ஊறிய காய்கள்தான் உணவு. பக்கவாதத்தால் இறப்பவர்கள் ஏராளம். 1981ல் உப்பைக் குறைக்கும் இயக்கத்தை மாவட்டமே தொடங்கியது. ஊர்ப் பெண்கள் வீடு வீடாகப் போய் மிசோ சூப்பில் உப்பை அளந்தார்கள். காய்களை நிறையப் போடச் சொன்னார்கள். 1990ல் நாகானோ ஆண்களின் ஆயுள் நாட்டிலேயே முதலிடம்; 2010ல் பெண்களும் முதலிடம். அவர்களுக்குப் புகழ்பெற்ற பழமொழி எதுவும் இல்லை. உப்பு அளக்கும் கருவிதான் இருந்தது!

நம் கதை இதில் எந்தக் கதை என்று நான் அடிக்கடி யோசிப்பதுண்டு. 'அளவுக்கு மிஞ்சினால் அமிர்தமும் நஞ்சு', 'நொறுங்கத் தின்றால் நூறு வயது' என்று நம்மிடம் பழமொழிக்குப் பஞ்சமில்லை. பிள்ளைகளுக்குத் தமிழ் வகுப்பில் சொல்லியும் கொடுக்கிறோம். வகுப்பு முடிந்ததும் மதிய விருந்தில் "இன்னும் கொஞ்சம் போட்டுக்கோங்க" என்று தட்டை நிரப்புவதும் நாம்தான்.

நானா கொரோபி யா ஒகி
(ஏழு முறை விழு, எட்டாவது முறை எழு)

என் கதையை முடிக்கவில்லையே! மூன்று மாதத்தில் இரண்டரைக் கிலோ குறைந்தேன். அப்புறம் தீபாவளி வந்தது. ஊரிலிருந்து வந்த அதிரசமும் முறுக்கும், நானே செய்த பாதுஷாவும் சேர்ந்து ஒரு மாதத்தில் ஒன்றரைக் கிலோவைத் திருப்பிக் கொடுத்துவிட்டன. "எனக்கு இது சரிப்பட்டு வராது" என்று உட்கார்ந்துவிட்டேன்.

அப்போது என் பையன் பள்ளியில் செய்த காகித தாருமா பொம்மையைக் கொண்டுவந்து மேசையில் வைத்தான். தள்ளினால் சாயும், விட்டால் எழுந்து நிற்கும். "அம்மா, நானா கொரோபி யா ஒகி" என்றான். ஒன்பது வயதுப் பிள்ளை! மறுநாள் மறுபடியும் கிண்ணத்தை எடுத்தேன்.

அடுத்த ஆண்டுப் பரிசோதனையில் எச்.பி.ஏ.1சி 5.8. முழுக்கத் தப்பிக்கவில்லை, ஆனால் வாசற்படியிலிருந்து ஓர் அடி பின்னால் வந்திருக்கிறேன். ஹொகென்ஷி அம்மா தாளைப் பார்த்துவிட்டு, "இச்சிப்யோ சொகுசாய்" என்று மட்டும் சொன்னார்.

இந்த வாரமே தொடங்கலாம்:

• பிரிட்ஜ் மேல், அலமாரியில் பரிசோதனை உறை இருக்கிறதா என்று பாருங்கள். பெரும்பாலும் இலவசம் அல்லது சிறு தொகைதான். மொழி புரியாவிட்டால் சங்க நண்பர்களிடம் கேளுங்கள்.

• ஒரே ஒரு நாள் உங்கள் சோற்றைத் தராசில் வைத்துப் பாருங்கள்.

• முதலில் காய், அப்புறம் சோறு. சாப்பிட 20 நிமிடமாவது எடுத்துக்கொள்ளுங்கள்.

• ஊறுகாய், அப்பளம், மிசோ சூப் மூன்றும் ஒரே வேளையில் வேண்டாம்.

• சாப்பிட்ட பின் பத்து நிமிடம் நடங்கள்.

• வெளியிலிருந்து வந்ததும் கை கழுவிக் கொப்பளியுங்கள்.

சர்க்கரைக்கோ ரத்த அழுத்தத்துக்கோ ஏற்கெனவே மருந்து சாப்பிடுகிறவர்கள் உணவின் அளவை மாற்றும் முன் மருத்துவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். மாத்திரையை நீங்களாக நிறுத்தவே வேண்டாம்.

அடுத்த சங்க விருந்தில் பரிமாறுகிறவர் கரண்டியோடு வரும்போது, கையால் இலையை மறைத்து "ஹரா ஹச்சி பு" என்று சொல்லுங்கள். பரிமாறுவது நானாக இருந்தால், கட்டாயப்படுத்தமாட்டேன். இது உறுதி!